தாயைப் பணிப்பெண்ணாக்கிய புகழ்: நடிகை மேர்ல் ஒபரோனின் இளமைக்காலம்

பிறந்த இடம் எது என்னும் கேள்வி புலம்பெயர்ந்து வாழும் எம்மவர்க்கு நன்கு பழகிய கேள்வி. விண்ணப்பப் படிவத்தின் முதற் பக்கத்திலேயே அது நிற்கும். விசாரணை அதிகாரி தொடுக்கும் முதற் சில வினாக்களுள் அதுவும் ஒன்றாக இருக்கும். பிறந்த ஊரையும் பெற்றோரின் பெயரையும் ஆதாரங்களோடு நிறுவுவதற்காக நாம் மாதக்கணக்கில், சில வேளைகளில் ஆண்டுக்கணக்கில் காத்திருக்கிறோம். அதே கேள்விக்கு உண்மையான விடையைச் சொல்லாமலேயே ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளைப் புகழின் வெளிச்சத்திற் கழித்த ஒரு நடிகையின் வரலாற்றை இன்று வாசகர்களுக்குத் தருகின்றோம்.

அவர் பெயர் மேர்ல் ஒபரோன். 1930களிலும் 1940களிலும் ஆங்கிலத் திரைப்படங்களைப் பார்த்து வளர்ந்த எமது மூத்த தலைமுறையினர் அவரை மறந்திருக்கமாட்டார்கள். 1939 இல் வெளிவந்த 'வதரிங் ஹைட்ஸ்' படத்தில் லோரன்ஸ் ஒலிவியேயுடன் நடித்த கதாநாயகி அவரே. அகன்ற நெற்றியும், சற்றே சாய்ந்த நீள்விழிகளும், கருங்கூந்தலும் கொண்ட அந்த முகம் ஆங்கில உயர்குடிப் பெண்ணின் முகமென்று உலகம் நம்பிற்று. அந்த நம்பிக்கையின் மீதே அவருடைய வாழ்வு முழுவதும் கட்டப்பட்டிருந்தது. ஆனால் அவருடைய வேர்கள் இங்கிலாந்தில் இல்லை. அவை பம்பாயில் இருந்தன. இன்னும் ஆழமாகத் தோண்டினால் எமது இலங்கையில் இருந்தன.

இலங்கைத் தாயும் பம்பாய்க் குழந்தையும்

மேர்ல் ஒபரோன் 1911 பெப்ரவரி 19 ஆம் நாள் பம்பாயிற் பிறந்தார். எஸ்டெல் மேர்ல் ஓபிரையன் தொம்ப்சன் என்பது அவருக்கு இடப்பட்ட பெயர். ஆர்தர் தொம்ப்சன் என்னும் ஆங்கிலேயர் அவருடைய தந்தை. இந்திய ரயில்வேயிற் பொறியியல் பணி புரிந்தவர். குழந்தையைத் தன் மகளென வளர்த்தவர் சார்லட் செல்பி என்னும் பெண்மணி. சார்லட் இலங்கையில் பிறந்தவர். ஐரோப்பிய இரத்தமும் ஆசிய இரத்தமும் கலந்த குடும்பத்தைச் சேர்ந்தவர். நியூசிலாந்தின் மாவோரி இனக் கலப்பும் அவர் மரபில் உண்டு என்பர். எமது நாட்டிற் பறங்கியர் என்று நாம் அழைத்த சமூகத்தினரைப் போலவே, ஆளுவோருக்கும் ஆளப்படுவோருக்கும் இடைப்பட்ட ஒரு மெல்லிய கோட்டின் மீது நின்று வாழ்ந்த குடும்பம் அது.

சார்லட்டுக்குக் கொன்ஸ்டன்ஸ் என்னும் ஒரு மகள் இருந்தாள். இலங்கைத் தேயிலைத் தோட்டமொன்றிற் பணியாற்றிய ஐரிஷ் வம்சாவளியினர் ஒருவரே அவளுடைய தந்தை. மேர்ல் தன் தமக்கையென்று எண்ணி வளர்ந்தது இந்தக் கொன்ஸ்டன்ஸைத்தான். உண்மையில் மேர்லைப் பெற்றவள் கொன்ஸ்டன்ஸே. அப்போது அவள் சிறுமிப் பருவத்தைக் கூடக் கடக்கவில்லை. ஆர்தர் தொம்ப்சன் சார்லட்டின் துணைவராக அவ்வீட்டில் இருந்தவர். அவராலேயே அச்சிறுமி தாயானாள் என்பதைப் பிற்காலத்தில் வெளிப்பட்ட பிறப்புப் பதிவு காட்டிற்று. அந்தச் சிறுமிக்கு இழைக்கப்பட்ட கொடுமையைக் குடும்பம் மூடி மறைத்தது. பேத்தி மகளானாள், தாய் தமக்கையானாள். மேர்லின் வாழ்வில் வந்த முதற் பொய் திரையுலகம் சொன்ன பொய்யன்று. அவர் தொட்டிலிற் கிடந்தபோதே அது சொல்லப்பட்டுவிட்டது. அதனைச் சொல்லும்படி யாரும் அவரைக் கேட்கவுமில்லை.

தொம்ப்சன் முதலாம் உலகப் போர் மூண்டதும் பிரித்தானியப் படையிற் சேர்ந்து, போர்க்களத்தில் நோயுற்று இறந்தார். சார்லட் குழந்தையுடன் பம்பாயில் வறுமையில் வாடினார். 1917 இல் இருவரும் கல்கத்தாவிற் குடியேறினர்.

கல்கத்தாவில் குயினி

அக்காலக் கல்கத்தாவில் ஆங்கிலோ இந்தியர்களின் நிலையை இங்கு நாம் சற்று எண்ணிப் பார்த்தல் வேண்டும். ரயில்வேயும் தந்தி, தொலைபேசித் திணைக்களங்களும் சுங்கமும் அவர்களுடைய உழைப்பில் இயங்கின. ஆயினும் வெள்ளையர் கழகங்களின் கதவுகள் அவர்களுக்கு மூடியிருந்தன. இந்தியர்களோ அவர்களை ஆட்சியாளரின் கைப்பிள்ளைகளாகக் கருதினர். தோலின் நிறம் ஒரு சாயல் கூடினாலும் குறைந்தாலும் ஒருவருடைய வேலையும் திருமணமும் நண்பர் வட்டமும் மாறிப்போகும் உலகம் அது. எந்த வீட்டிலும் வெளிர் நிறப் பிள்ளைக்கு ஒரு வழியும், கருநிறப் பிள்ளைக்கு வேறொரு வழியும் திறந்திருந்தன.

குயினி என்பது மேர்லின் வீட்டுப் பெயர். கல்கத்தாவின் புகழ்பெற்ற லா மார்ட்டினியர் பெண்கள் பாடசாலையில் உதவி நிதி பெற்றுச் சேர்ந்தார். அங்கே சக மாணவியர் அவருடைய கலப்புப் பிறப்பைச் சொல்லி இடைவிடாது எள்ளி நகையாடினர். அதைத் தாங்க மாட்டாமற் பாடசாலையை விட்டு நீங்கி வீட்டிலேயே பாடங்களைக் கற்றார். பிறப்பைப் பற்றிய உண்மை தெரிந்தால் என்ன நேரும் என்பதை அவர் ஹொலிவூட்டிற் கற்கவில்லை. வகுப்பறையிற் சிறுமியாக இருந்தபோதே கற்றுக்கொண்டார்.

பதின்ம வயதிலேயே தொலைபேசி நிலையத்தில் இணைப்பாளராகப் பணியாற்றினார். மாலை வேளைகளில் நகரின் தன்னார்வ நாடகக் குழுவொன்றில் நடித்தார். திரைப்படம் பார்ப்பதும், உயர்தர உணவகங்களில் ஐரோப்பியருடன் நடனமாடுவதும் அவருடைய பொழுதுபோக்குகள். அழகும், தெளிந்த ஆங்கிலமும், வெளிர் நிறமும் அவருக்கு அந்தக் கதவுகளைத் திறந்துவிட்டன. ஆனால் வீட்டுக் கதவை அவரால் யாருக்கும் திறக்க முடியவில்லை. உள்ளே இருந்த தாயின் நிறம் கறுப்பு.

வாழ்க்கை வரலாற்றாசிரியர்கள் கூறும் ஒரு சம்பவம் இங்கே குறிப்பிடத்தக்கது. 1920களின் இறுதியில், செல்வாக்கு மிக்க அமெரிக்கர் ஒருவர் குயினி மீது விருப்புக் கொண்டார். ஒரு நாள் அவர் வீடு வரை வந்தபோது சார்லட்டைக் கண்டார். கண்டதும் அவருடைய எண்ணம் மாறிற்று. உறவை நாகரிகமாக முறித்துக்கொள்ளும் வகையில், பிரான்சிற்குச் சென்றால் நீஸ் நகரிலுள்ள விக்டரின் படப்பிடிப்புத் தளத்து இயக்குநர் ரெக்ஸ் இங்ரம் என்பவரிடம் அறிமுகம் செய்துவைப்பதாக வாக்களித்தார். அந்த வாய்மொழியை மட்டும் நம்பித் தாயும் மகளும் மூட்டை முடிச்சுகளைக் கட்டிக்கொண்டு கப்பலேறினர். வாக்களித்தவர் அங்கே அவர்களைச் சந்திக்காது ஒதுங்கிக்கொண்டார். ஆயினும் இயக்குநரிடம் ஒரு வார்த்தை சொல்லி வைத்திருந்தார். அதன் பயனாக ஒரு விருந்துக் காட்சியிற் கூட்டத்தோடு கூட்டமாக நிற்கும் வாய்ப்பு குயினிக்குக் கிட்டிற்று.

முகவர் ஒருவரின் சொல்லை நம்பிப் புறப்பட்டு, இறங்கிய ஊரில் அவரைக் காணாது திகைத்து நின்ற அனுபவம் எமது வாசகர் பலருக்கு உண்டு. அந்தத் தாயும் மகளும் நீஸ் நகரிற் பட்ட தவிப்பை அவர்களுக்கு நாம் விளக்கத் தேவையில்லை.

லண்டன் மேடையில் ஒரு புதுமுகம்

பிரான்சிலிருந்து லண்டன் சென்ற குயினி, கபே டி பாரி என்னும் புகழ்பெற்ற இரவு விடுதியில் விருந்தினரை உபசரிக்கும் பணியிற் சேர்ந்தார். குயினி ஓபிரையன் என்பது அங்கே அவர் வைத்துக்கொண்ட பெயர். பகலிற் படப்பிடிப்புத் தளங்களின் வாயில்களில் நின்றார். பெயர் குறிப்பிடப்படாத துணைப் பாத்திரங்கள் சில கிடைத்தன. மூன்று நான்கு ஆண்டுகள் இவ்வாறே கழிந்தன.

அவ்வேளையில் அவருக்குத் திருப்பத்தைத் தந்தவர் அலெக்சாண்டர் கோர்டா. இவரைப் பற்றியும் நாம் ஒரு சொல் கூறியாக வேண்டும். கோர்டா ஆங்கிலேயரல்லர். ஹங்கேரியில் ஒரு யூதக் குடும்பத்திற் பிறந்தவர். இயற்பெயர் ஷான்டோர் கெல்னர். 1919 இல் ஹங்கேரியில் ஆட்சி மாறி யூதர் மீதும் இடதுசாரிகள் மீதும் அடக்குமுறை கட்டவிழ்த்து விடப்பட்டபோது கைது செய்யப்பட்டார். விடுதலையானதும் நாட்டை விட்டு வெளியேறினார். மீண்டும் அங்கே குடியேறவேயில்லை. வியன்னா, பேர்லின், ஹொலிவூட், பாரிஸ் என்று அலைந்து இறுதியில் லண்டனை வந்தடைந்தார். 1932 இல் அங்கே லண்டன் பிலிம்ஸ் நிறுவனத்தை நிறுவினார். நாடிழந்து வந்த ஒருவர் பிரித்தானியத் திரைத்துறைக்கு உலக அரங்கில் ஓர் இடம் தேடிக்கொடுத்தார் என்பதை நாம் பெருமையுடன் நினைவுகூரலாம்.

கோர்டா குயினியின் முகத்தை ஒருமுறை பார்த்ததும் அதன் வலிமையை உணர்ந்தார். அவருடைய நிறுவனத்திலேயே மேர்ல் ஒபரோன் என்னும் பெயர் நிலைபெற்றது. ஓபிரையன் என்னும் பெயரின் ஒலி அதில் இருந்தது. ஷேக்ஸ்பியர் நாடகமொன்றில் வரும் தேவதை அரசனின் பெயரும் அதுவே. 1933 இல் கோர்டா தயாரித்து இயக்கிய, எட்டாம் ஹென்றி மன்னனின் அந்தரங்க வாழ்வைக் கூறும் படம் வெளியாயிற்று. மன்னனின் ஆணையாற் சிரச்சேதம் செய்யப்பட்ட அரசி ஆன் பொலினாக மேர்ல் அதில் தோன்றினார். படத்தின் தொடக்கத்தில் வரும் சிறிய வேடமே அது. ஆனால் கொலைக்களத்தை நோக்கிச் செல்லும் அந்தப் பெண்ணின் அமைதியும் அழகும் இரசிகர் மனதிற் பதிந்தன. படம் அமெரிக்காவிலும் பெருவெற்றி பெற்றது. மன்னனாக நடித்த சார்ள்ஸ் லோட்டன் ஒஸ்கார் விருது பெற்றார்.

அடுத்த ஆண்டு 'த ஸ்காலட் பிம்பர்னல்' படத்தில் மேர்ல் கதாநாயகியானார். பிரெஞ்சுப் புரட்சியின் பயங்கர நாட்களில், தலை வெட்டப்படக் காத்திருந்தவர்களை மாறுவேடமிட்டு மீட்டு இங்கிலாந்திற்குக் கடத்திச் செல்லும் ஒரு பிரபுவின் கதை அது. ஆங்கில வீரத்தின் சின்னமாக இன்றும் போற்றப்படும் கதை. ஆனால் அதனை எழுதிய ஓர்ட்சி சீமாட்டி ஹங்கேரியிற் பிறந்தவர். தயாரித்த கோர்டாவும் ஹங்கேரியர். பிரபுவாக நடித்த லெஸ்லி ஹவார்ட் லண்டனிற் பிறந்தாலும், ஹங்கேரியிலிருந்து குடிபெயர்ந்த யூதர் ஒருவரின் மகன். கதாநாயகியோ பம்பாயிற் பிறந்து கல்கத்தாவில் வளர்ந்தவர். ஆங்கிலத் தன்மையின் அடையாளமென்று உலகம் கைதட்டி வரவேற்றதைப் படைத்தவர்கள் பெரும்பாலும் வெளியிலிருந்து வந்தவர்களே.

தஸ்மேனியா என்னும் கதை

புகழ் வளர வளரப் பத்திரிகைகளின் ஆவலும் வளர்ந்தது. இந்த நடிகை யார், எங்கே பிறந்தார், பெற்றோர் யார் என்று கேட்கத் தொடங்கினர். விளம்பரப் பிரிவினர் ஒரு கதையைத் தயாரித்தனர். மேர்ல் அவுஸ்திரேலியாவின் தென்கோடித் தீவான தஸ்மேனியாவில், ஹோபார்ட் நகரிற் பிறந்தவர். தந்தை இறந்தபின் இந்தியாவிலிருந்த உயர்குடி உறவினரிடம் வளர்ந்தவர் என்பது அந்தக் கதை. அவர் பேச்சிலோ பழக்கத்திலோ இந்தியாவின் சாயல் எப்போதாவது தோன்றினால் அதற்கு விளக்கம் இருந்தது. ஹோபார்ட் லண்டனுக்கு மிகத் தொலைவில் இருந்தது. அங்கே சென்று பதிவேட்டைப் புரட்டிப் பார்க்க எவரும் முயலமாட்டார் என்ற நம்பிக்கையும் இருந்தது.

இக்கதை இரசிகரை ஏமாற்றுவதற்காக மட்டும் புனையப்பட்டதன்று. அதன் பின்னாற் சட்டமும் சந்தையும் நின்றன. ஹொலிவூட்டை நோக்கி மேர்ல் புறப்பட்ட காலத்தில் அமெரிக்காவின் நிலையைப் பாருங்கள். 1917 ஆம் ஆண்டுக் குடிவரவுச் சட்டம் இந்தியா உட்பட ஆசியாவின் பெரும்பகுதியிலிருந்து மக்கள் குடியேறுவதைத் தடை செய்தது. 1923 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பகத் சிங் திண்ட் என்னும் சீக்கியரின் வழக்கில், இந்தியர் வெள்ளையர் அல்லராதலாற் குடியுரிமை பெறத் தகுதியற்றவர் என்று தீர்ப்பளித்தது. அமெரிக்கப் படையிற் பணியாற்றியவருக்கே கிடைத்த தீர்ப்பு அது. 1924 ஆம் ஆண்டுச் சட்டம் குடியுரிமைக்குத் தகுதியற்றோர் குடியேறுவதையே தடுத்தது. இந்தியருக்கு இந்த வாயில் சிறிதளவேனும் திறந்தது 1946 இலேயே.

திரையுலகின் விதிகளும் இதற்குச் சளைத்தவையல்ல. 1934 இலிருந்து கண்டிப்பாக நடைமுறைப்படுத்தப்பட்ட தணிக்கை விதிக்கோவை வெள்ளையர்க்கும் கறுப்பர்க்கும் இடையிலான காதலைத் திரையிற் காட்டக்கூடாதென்றது. தயாரிப்பாளர்கள் ஆசிய நடிகர்கள் விடயத்திலும் அதே அச்சத்துடன் நடந்தனர். சீன வம்சாவளி நடிகையான அன்னா மே வொங் புகழின் உச்சியில் இருந்தவர். சீன விவசாயிகளின் வாழ்வைக் கூறும் 'த குட் எர்த்' படத்தில் நாயகியாக நடிக்க அவர் விரும்பினார். வேடம் அவருக்குக் கிடைக்கவில்லை. ஜேர்மனியிற் பிறந்த லூயிஸ் ரெய்னர் சீனப் பெண்ணாக ஒப்பனை செய்து 1937 இல் நடித்தார். ஒஸ்கார் விருதும் பெற்றார். ஆசியப் பெண்ணாகப் பிறந்தவருக்கு ஆசியப் பெண்ணாக நடிக்கவே இடமில்லை என்றால், ஆங்கிலச் சீமாட்டியாக நடிக்க எவர் அனுமதிப்பார்? மேர்லின் அச்சம் வெறும் மனப்பிரமையன்று என்பதை இதிலிருந்து நாம் அறிகிறோம்.

தொடக்கத்தில் ஹொலிவூட் அவருடைய முகத்தை விநோதமானதாகவே பார்த்தது. 1934 இல் வெளியான ஒரு படத்தில் அவர் ஜப்பானியச் சீமாட்டியாகக் கூட நடித்தார். அவரைச் சாதாரண ஆங்கிலப் பெண்ணாக்கியவர் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வின். அவரும் போலந்தின் வார்சோ நகரிற் பிறந்து, வறுமையில் நாடு கடந்து, பெயரை மாற்றிக்கொண்டவரே. 1935 இல் அவர் தயாரித்த 'த டார்க் ஏஞ்சல்' படத்தில் மேர்ல் எளிய ஒப்பனையுடன், போரிற் காதலனை இழந்ததாக எண்ணி வருந்தும் ஆங்கில நங்கையாக வந்தார். அதற்காகச் சிறந்த நடிகைக்கான ஒஸ்கார் பரிந்துரை கிடைத்தது. விருது பெட்டி டேவிஸுக்குப் போயிற்று. ஆயினும் அப்பரிந்துரையைப் பெற்ற முதலாவது ஆசிய வம்சாவளிப் பெண் மேர்லே. அன்று அதனை அறிந்தவர் மிகச் சிலர். அறிந்தவர்களும் வாய் திறக்கவில்லை.

வீட்டிலிருந்த தாய்

இத்தனை ஆண்டுகளும் சார்லட் எங்கே இருந்தார்? மகளுடன் லண்டனில் இருந்தார். விருந்தினர் வரும் வேளைகளில், பணிப்பெண் என்று அவர் அறிமுகப்படுத்தப்பட்டதாக வாழ்க்கை வரலாறுகள் கூறுகின்றன. மகள் பட்டாடையுடன் வரவேற்பறையில் அமர்ந்திருக்க, வளர்த்த தாய் தேநீர்த் தட்டுடன் வந்து போவார் என்பர்.

வாசகர்களே, இந்த இடத்தில் எமது நெஞ்சு சற்றுக் கனக்கின்றது. மகளைக் கடிந்துகொள்வது எளிது. பெற்றவளைவிட மேலாக வளர்த்தவளைப் பணிப்பெண்ணாக்கிய புகழும் ஒரு புகழா என்று கேட்கத் தோன்றும். ஆனால் சார்லட்டின் பக்கத்தையும் நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். பேத்தியை மகளென்று சொல்லி ஊரின் வாயிலிருந்து காப்பாற்றியவர் அவர். வாய்ப்பு என்ற சொல்லை நம்பி அறியாத நாட்டிற்குக் கப்பலேறியவர் அவர். அவர் மனதில் என்ன இருந்தது என்பது எந்தப் பதிவேட்டிலும் இல்லை. தான் ஒதுங்கினாற் பிள்ளை முன்னேறும் என்றால், ஒதுங்கத் தயங்காத தாய்மாரை நாம் எமது இல்லங்களிலும் கண்டிருக்கின்றோம். மொழி தெரியாத நாட்டிற் பிள்ளைகளின் நண்பர்கள் வரும்போது குசினிக்குள் போய் இருந்துகொள்ளும் தாய்மாரும் பாட்டிமாரும் எம்மிடையே இல்லையா? அவர்களை எவரும் பணிப்பெண் என்று சொல்வதில்லை. ஆனால் அம்மா என்று அழைத்து முன்னறைக்குக் கூட்டி வருவதும் இல்லை.

1937 ஆம் ஆண்டு மேர்லுக்குத் துயர ஆண்டாயிற்று. உரோமச் சக்கரவர்த்தி குளோடியஸ் பற்றிய பெரும் படமொன்றை கோர்டா தொடங்கியிருந்தார். படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த காலத்தில் லண்டனில் நேர்ந்த மோட்டார் விபத்தில் மேர்ல் காயமடைந்தார். படம் நிறுத்தப்பட்டது, பின்னர் தொடரப்படவேயில்லை. அதே ஆண்டிற் சார்லட் காலமானார். மகள் என்னும் உறவை உலகின் முன் ஒருமுறையேனும் கேளாமலே அவர் போய்ச் சேர்ந்தார்.

உச்சியும் அதன் விலையும்

1939 மேர்லின் திரைவாழ்வின் உச்சம். வில்லியம் வைலர் இயக்கத்திற் கோல்ட்வின் தயாரித்த 'வதரிங் ஹைட்ஸ்' அவ்வாண்டில் வெளியாயிற்று. எமிலி புரொன்டே எழுதிய நாவலின் திரைவடிவம் அது. யோர்க்ஷயரின் காற்றடிக்கும் மேட்டுநிலத்தில் நிகழும் அக்கதையின் நாயகன் ஹீத்கிளிவ், பிறப்பு அறியப்படாத கருநிறச் சிறுவனாக ஒரு வீட்டிற்குக் கொண்டுவரப்படுகிறான். அவனைக் காதலித்தும், நிலைக்கும் செல்வத்திற்கும் மயங்கி வேறொருவனை மணக்கிறாள் கதி. பிறப்பு அறியப்படாத கருநிறத்தவனாக ஆங்கிலேயரான ஒலிவியே நடித்தார். அவனைக் கைவிடும் வெள்ளைக்காரப் பெண்ணாகப் பிறப்பை மறைத்த மேர்ல் நடித்தார். நாயகி வேடம் தன் காதலி விவியன் லீக்குக் கிடைக்க வேண்டுமென்று ஒலிவியே விரும்பியதால், இருவருக்கும் தளத்தில் ஒத்துப்போகவில்லை. அந்த விவியன் லீயும் பிறந்தது இந்தியாவின் டார்ஜிலிங்கிலேயே. ஆனால் அவருடைய பெற்றோர் இருவரும் ஐரோப்பியரெனக் கொள்ளப்பட்டதால், பிறந்த ஊரைச் சொல்வதில் அவருக்கு எந்தத் தடையும் இருக்கவில்லை.

அதே ஆண்டு மேர்ல் கோர்டாவை மணந்தார். 1942 இற் கோர்டாவுக்கு நைட் பட்டம் கிடைத்தது. கல்கத்தாத் தொலைபேசி நிலையத்து குயினி, கோர்டா சீமாட்டியானார். இம்மணவாழ்வு 1945 இல் முடிவுற்றது.

புகழின் விலையை அவருடைய தோலும் கொடுத்தது. 1940 அளவில், ஒப்பனைப் பொருட்களின் நச்சுத்தன்மையாலும் மருந்தொன்றின் ஒவ்வாமையாலும் முகம் கடுமையாகப் பாதிக்கப்பட்டது. நியூயோர்க்கில் வேதனை மிகுந்த சிகிச்சைகள் பெற்றும் வடுக்கள் முற்றாக மறையவில்லை. பின்னர் அவரை மணந்த ஒளிப்பதிவாளர் லூசியன் பலார்ட், கமராவுக்கு அருகிற் பொருத்தும் ஒரு விசேட விளக்கை உருவாக்கினார். முகத்தில் நேராக விழும் அந்த ஒளி வடுக்களைக் காட்டாது மறைத்தது. அவ்விளக்கு மேர்லின் பெயரால் ஒபி என்று அழைக்கப்பட்டு, திரைத்தொழிலில் நிலைத்துவிட்டது. முகத்தை வெளிச்சத்தால் மறைப்பது என்பது விந்தையான தொழில்நுட்பமே. மேர்லின் வாழ்வில் அது இரு வகையிலும் நிகழ்ந்தது.

வெளிவந்த உண்மை

1978 இல், தம் மண்ணின் மகளெனப் பெருமைப்பட்டிருந்த ஹோபார்ட் நகரத்தார் அவரை அழைத்து வரவேற்பளித்தனர். நகர முதல்வரின் விருந்தில், தான் அங்கே பிறக்கவில்லை என்பதை அவரே கூறி, சுகவீனமெனச் சொல்லி விலகிச் சென்றார் என அறிகின்றோம். அடுத்த ஆண்டு, 1979 நவம்பர் 23 ஆம் நாள், கலிபோர்னியாவில் அவர் காலமானார். மரணத்தின் பின்னும் தஸ்மேனியாவிற் பலர் அக்கதையைக் கைவிடவில்லை. தீவிலிருந்த ஏழைச் சீன வம்சாவளிப் பெண்ணொருத்தியின் மகளே அவர் என்று இன்னொரு கதை அங்கே வழங்கி வந்தது. ஒரு பொய் இன்னொன்றைப் பெற்றெடுத்தது.

1983 இற் சார்ள்ஸ் ஹயம், ரோய் மோஸ்லி என்னும் இருவர் எழுதிய வாழ்க்கை வரலாறு அவருடைய இந்தியப் பிறப்பை உலகறியச் செய்தது. பின்னர் ஒரு முக்கிய ஆவணம் வெளிச்சத்திற்கு வந்தது. கொன்ஸ்டன்ஸின் மகன் ஒருவர் கனடாவிற் குடியேறியிருந்தார். மேர்லைத் தன் சிறிய தாயென எண்ணியிருந்த அவர், பம்பாயின் பதிவேடுகளில் மேர்லின் பிறப்புச் சான்றிதழைக் கண்டெடுத்தார். தாயின் பெயர் கொன்ஸ்டன்ஸ் என்றிருந்தது. தன் தாயின் தங்கையென நினைத்தவர் தன் சொந்தத் தமக்கை என்பதை ஒரு காகிதம் அவருக்குச் சொல்லிற்று. மேர்ல் உயிருடன் இருந்தபோது அவரைக் காண இவர் முயன்றார். அவர் சந்திக்க மறுத்துவிட்டார். 2002 இல் வெளியான அவுஸ்திரேலிய ஆவணப்படம் ஒன்றில் இவ்வுண்மை வெளியாயிற்று.

2023 இல், மலேசியாவிற் பிறந்த மிஷேல் யோ சிறந்த நடிகைக்கான ஒஸ்கார் விருதை வென்றார். அப்பரிந்துரையைத் தன்னை ஆசியர் என்று வெளிப்படையாகச் சொல்லிப் பெற்ற முதற் பெண் அவரென்று பத்திரிகைகள் எழுதின. அப்படி எழுத நேர்ந்ததற்குக் காரணம் மேர்லே. 1935 ஆம் ஆண்டுப் படத்திற்கும் இவ்விருதுக்கும் இடையில் எண்பத்தெட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. ஒருவர் மறைத்துக் கடந்த வாயிலை இன்னொருவர் தன் பெயரைச் சொல்லிக் கடப்பதற்கு அத்தனை காலம் எடுத்தது.

மேர்ல் ஒபரோனைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது எமது நோக்கமன்று. திறமையைப் பார்க்குமுன் பிறப்பைக் கேட்ட உலகமே அந்தப் பொய்யை அவரிடமிருந்து வாங்கியது. ஆனால் அதற்கான விலையை அந்த உலகம் கொடுக்கவில்லை. இலங்கையிற் பிறந்த ஒரு முதியவளும், அவளுடைய சிறுமி மகளும், அச்சிறுமி பெற்ற பெண்ணும் பங்கிட்டுக் கொடுத்தனர்.

சார்லட் இறந்து பன்னிரண்டு ஆண்டுகளின் பின், 1949 இல், மேர்ல் ஓர் ஓவியரிடம் பழைய நிழற்படமொன்றைக் கொடுத்துத் தாயின் உருவத்தை வரையச் செய்தார். ஓவியத்தில் இருந்த பெண்ணின் தோல் வெளிர் நிறமாக்கப்பட்டிருந்தது. தான் வாழ்ந்த வீடுகளிலெல்லாம் அந்த ஓவியத்தை மாட்டி வைத்திருந்தார்; இறக்கும் வரை அதைக் கைவிடவில்லை. தாயை அவர் மறக்கவில்லை என்பதற்கு அது சான்று. தாயின் உண்மையான முகத்தைச் சுவரில் மாட்ட அவரால் முடியவில்லை என்பதற்கும் அதுவே சான்று.

எமது பிள்ளைகள் பிறந்த நாட்டின் மொழியை எம்மைவிட நன்றாகப் பேசுவர். அந்நாட்டு மேடைகளிலும் திரைகளிலும் ஏறுவர். ஏறட்டும், அது எமக்கு மகிழ்ச்சியே. ஆனால் வீட்டிலுள்ள பழைய நிழற்படங்களின் பின்புறத்தில், அதில் இருப்பவர் யார், எந்த ஊரிற் பிறந்தார், யாருடைய மகள் என்பதை இன்றைக்கே எழுதி வைப்போம். எழுதத் தெரியாத பாட்டி சொல்லச் சொல்லப் பேரப்பிள்ளையே எழுதட்டும்.